காலச்சுழியில் வைத்த கை

சிங்கப்பூருக்கு எதிர்க்கரையில் உள்ள பெர்மாஸ் ஜெயாவில் ஒரு கடைவீட்டின் மேல்மாடியில் குமரப்பனின் அலுவலகம் இருந்தது. கீழே சாப்பாட்டுக் கடை. பகல் பதினொரு மணிக்கெல்லாம் மீன் கறி வாசனை படியேறி வந்துவிடும். நில அளவை அலுவலகத்தில் முப்பது வருடம் எல்லைக்கல் தேடியவர் குமரப்பன். ஓய்வு பெற்ற பிறகு, எல்லை தாண்டிய மனிதர்களைத் துப்பறிந்து தேடுவதைத் தொழிலாக்கிக்கொண்டார். துணைக்கு செல்வராணி. சிங்கப்பூர் தொழிற்சாலை ஒன்றில் பழுதான சாமான்களைப் பொறுக்கித் தள்ளும் வேலையைப் பதினைந்து வருடம் பார்த்தவள். அந்தப் பழக்கமோ என்னவோ, எதிரே வருகிற எல்லாரிடமும் அவள் கண்ணுக்கு ஒரு பழுது தெரிந்துவிடும். அதில் பாதி அவளே கற்பனை செய்ததாக இருக்கும்.

அன்று செவ்வாய்க்கிழமை படியேறி வந்த பெண் வலது கையைத் துப்பட்டாவில் சுற்றி வைத்திருந்தாள். உட்கார்ந்ததும் துணியைப் பிரித்துக் கையை மேசைமேல் வைத்தாள்.

செல்வராணி "அலமாக்!" என்று பதறி வாயைப் பொத்திக்கொண்டாள்.

மணிக்கட்டுவரை அது இளம்பெண்ணின் கைதான். அதற்குக் கீழே தோல் சுருங்கி, நரம்பு புடைத்து, விரல்கள் கோணி, அந்தக் கைக்கு மட்டும் எண்பது வயது ஆகியிருந்தது.

"என் பேரு லோஷினி. இருபத்தேழு வயசு" என்றாள் அவள். "மேப் வரையுறேன் சார். நெசமான ஊருக்கு இல்ல. கேம்ஸுக்கும் மாயக்கதைப் புக்குக்கும் வேணும்கிற, இல்லாத நாட்டுக்கு. இனிமே இந்தக் கையால பேனாகூடப் பிடிக்க முடியாதுன்னு டாக்டர் சொல்லிட்டாரு."

"எங்கே நடந்துச்சு?" என்று கேட்டார் குமரப்பன்.

"சாஆ ஊர்ல. எங்க பாஸ் திருச்செல்வம் வாடகைக்கு எடுத்திருக்கிற பழைய ரப்பர் புகைக்கூடத்துல. அங்க ஒரு காலச்சுழி இருக்கு."

கற்பனை வரைபடக்காரர்களுக்கு மட்டுமே தெரிந்த சமாச்சாரம் அது. மனிதன் தன் மனதிலிருந்து ஒரு தீவை வரைந்தால் ஆறு தப்பான பக்கம் ஓடும், மலை நட்டு வைத்ததுபோல நிற்கும். காலச்சுழியில் அந்தத் தொல்லை இல்லை. களிமண்ணில் ஒரு தீவைப் பிசைந்து, சக்கரத் தட்டில் வைத்து, நீண்ட கழியால் சுழிக்குள் தள்ளி, மேலே குழாயால் மழை விட்டால் போதும். பத்து நிமிடத்தில் பல்லாயிரம் வருடம் ஓடி முடிந்திருக்கும். ஆறு தன் வழியைத் தானே அறுத்துக்கொண்டிருக்கும். கரை தேய்ந்து துறைமுகம் ஆகியிருக்கும். தட்டை வெளியே இழுத்து, பார்த்து வரைய வேண்டியதுதான். அவர்கள் வரைபடங்களுக்காக வெளிநாட்டுக்காரர்கள் காத்துக்கிடந்தார்கள்.

"ஆனா சுழியோட விளிம்பு ஒரே இடத்துல நிக்காது" என்றாள் லோஷினி. "தினம் ஒரு சாண், ரெண்டு சாண் நகரும். அதனால காலையில பச்சை வெத்தலையை வரிசையா தரையில வெச்சுப் பார்ப்போம். எந்த இலை வாடுதோ அங்க விளிம்பு. அதுக்கு ஒன்றரைச் சாண் முன்னாலயே ஒரு வெள்ளைச் செங்கல்லைச் செங்குத்தா நிறுத்திடுவோம். அப்புறம் இலையைக் கூட்டி அள்ளிடுவோம். செங்கல்லைத் தாண்டி ஒரு சாண் கை நீட்டித்தான் தட்டுல கழியோட கொக்கியை மாட்டணும். செங்கல் சரியா நின்னா கைக்கு ஒண்ணும் ஆகாது."

"அன்னிக்கு இலை வெச்சது யாரு?"

"நான்தான். சனிக்கிழமை காலை ஒன்பது மணி. தரையில ஒரு வெடிப்பு இருக்கு, அதுக்கு இந்தப் பக்கம் செங்கல்லை நிறுத்தினேன். களிமண் எடுத்துட்டு வர பின்னால போயிட்டு இருபது நிமிஷத்துல வந்தேன். கையை நீட்டினேன். எறும்பு கடிச்ச மாதிரி இருந்துச்சு. இழுத்துப் பார்த்தா இப்படி. நகமெல்லாம் கொடி மாதிரி சுருண்டு தொங்குச்சு, ஆஸ்பத்திரியிலதான் வெட்டினாங்க. அப்போதான் கவனிக்கிறேன், செங்கல் வெடிப்புக்கு அந்தப் பக்கம், விளிம்புலயே நிக்குது." அவளுக்குக் கோபம் ஏறியது. இடது கையால் மேசையைத் தட்டினாள். "என்னைத் தவிர அங்க இருந்தது மூணே பேர். யாருன்னு பேரை மட்டும் சொல்லுங்க சார். அவங்க கையைப் பிடிச்சு அதே சுழிக்குள்ள நானே விடுவேன்."

"போலீஸ்?"

"போறதா வேணாமான்னு பேரு தெரிஞ்சப்புறம் நான் முடிவு பண்ணிக்கிறேன்."

குமரப்பன் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "எல்லார் முன்னாலயும், காரணத்தோடதான் பேரைச் சொல்வேன். அதுக்கப்புறம் நீங்க என்ன செய்யறீங்கன்றது உங்க பாடு. ஆனா யார் கையையும் நான் பிடிச்சுக் கொடுக்க மாட்டேன்."

"தேவையில்ல. இடது கை நல்லாத்தான் இருக்கு" என்றாள் லோஷினி.

மறுநாள் காலை குமரப்பனும் செல்வராணியும் சாஆவுக்குக் கிளம்பினார்கள். நெடுஞ்சாலையை விட்டு இறங்கியதும் இரண்டு பக்கமும் எண்ணெய்க்கான செம்பனைத் தோட்டம். செல்வராணி வழி நெடுகக் குற்றவாளியை ஊகித்துக்கொண்டே வந்தாள். ஒருவரைக்கூட இன்னும் பார்க்காதது அவளுக்கு ஒரு தடையாகவே இல்லை.

புகைக்கூடத்தின் உள்ளே, பின்சுவரை ஒட்டிக் கட்டில் அகலத்துக்குக் காற்று மட்டும் லேசாக நெளிந்துகொண்டிருந்தது. அதுதான் சுழி. சுகுமாறன் என்கிற மூத்த வரைபடக்காரர், நாற்பது வயது, அமைதியானவர், கழி நுனியில் ஒரு வெற்றிலையைச் செருகி நீட்டிக் காட்டினார். இலை மஞ்சளாகி, பழுப்பாகி, பொடியாகி உதிர்ந்தது.

"விளிம்புல ஒரு கண் சிமிட்டினா ஒரு வருஷம். ஒரு சாண் உள்ள போனா பத்து வருஷம்" என்றார். பிறகு விருந்தாளிகளுக்குத் தேநீர் கொண்டுவந்து கொடுத்தார். செல்வராணியின் வெள்ளைக் கோப்பையில் மஞ்சளாக ஏதோ ஒட்டியிருந்தது. பெயிண்ட் என்று நினைத்து அவள் கைக்குட்டையால் துடைத்துக்கொண்டாள்.

குமரப்பன் கழியை வாங்கி வெள்ளைச் செங்கல்லை மெல்லத் தள்ளிப் பார்த்தார். அது பொத்தென்று சாய்ந்தது. மூன்று முறை தள்ளினார், மூன்று முறையும் சாய்ந்தது. கழியால் நிமிர்த்தவும் பார்த்தார், முடியவில்லை.

"சனிக்கிழமை இது நின்னுட்டிருந்துச்சா, படுத்துட்டிருந்துச்சா?" என்று கேட்டார்.

"நின்னுட்டுத்தான் இருந்துச்சு. நாங்க எல்லாருமே பார்த்தோம்" என்றார் முதலாளி திருச்செல்வம். ஐம்பது வயது, சத்தமான ஆள். தைப்பூச விரதத்தில் இருந்ததால் தாடி வளர்ந்திருந்தது. மணிக்கட்டில் காப்புக் கயிறு அழுக்கேறிக் கறுத்திருந்தது. "என்னைச் சந்தேகப்பட்டா படுங்க சார். அவ அடுத்த மாசம் சிங்கப்பூர் கம்பெனிக்குப் போறேன்னு சொன்னா. எனக்கு எரிச்சல்தான், இல்லைன்னு சொல்லல. அதுக்காக ஒரு பிள்ளை கையை அழிப்பேனா?"

"விரதம் எத்தனை நாளா?"

"இன்னியோட முப்பது. நான், சுகு, யுவா மூணு பேரும் ஒண்ணாத்தான் தோட்டத்துக் கோயில்ல காப்புக் கட்டிக்கிட்டோம். லோஷினி அப்பா தவறி இன்னும் வருஷம் திரும்பல, அதனால அவ மட்டும் கட்டல."

வண்ணம் தீட்டும் யுவனேஸ்வரி ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தாள். முப்பது வயது, வெடுக்கென்று பேசுகிறவள். "கலர் எல்லாம் நான் குடுப்பேன். மேப்புல பேரு மட்டும் அவளோடது. பொறாமை இருக்காதா? இருந்துச்சு" என்றாள். இடது கையில் புதுத் தோல்வார்க் கடிகாரம். அதன் கீழே சாம்பல் நிறமாகிப்போன காப்புக் கயிறு. கடிகாரம் நின்றுபோயிருந்ததை செல்வராணி பார்த்துவிட்டாள். பார்த்த நிமிடத்திலிருந்து அவளுக்கு இருப்புக்கொள்ளவில்லை.

வெளியே வரும்போது திருச்செல்வம் குரலைத் தாழ்த்தினார். "இன்னொண்ணு சார். ரெண்டு வருஷத்துக்கு முன்னால இதே இடத்துல சுகுவோட தம்பி தீபனுக்குக் கண்ணு போயிடுச்சு. செங்கல் தப்பா நின்னதுல குனிஞ்சுட்டான். அன்னிக்குப் பச்சை இலைக்குப் பதிலா, விளிம்பைக் காட்டாத பழைய இலையை வெச்சது லோஷினின்னு அவளே ஒத்துக்கிட்டா. சுகு ஒரு வார்த்தை கேக்கலியே! அப்படிப்பட்ட மனுஷன்."

"தீபன் இப்போ எங்கே?"

"டவுன்ல, சுகுகூடத்தான். அண்ணன்தான் அவனுக்கு எல்லாம் பார்த்துக்கிறான்."

காரில் ஏறியதும் செல்வராணி வெடித்தாள். "சார், யுவனேஸ்வரிதான்! வாட்ச் நின்னுபோச்சு பாருங்க. கையைச் சுழிக்குள்ள விட்டிருக்கா, பேட்டரி வருஷக்கணக்கா ஓடித் தீர்ந்துபோச்சு!"

"நல்ல யோசனைதான்" என்றார் குமரப்பன். "வார் எப்படி இருந்துச்சு?"

"வாரா? புதுசு... பளபளன்னு..." செல்வராணியின் சுருதி இறங்கியது. "பேட்டரி செத்த காலத்துல தோல் வெடிச்சிருக்கணும், இல்ல சார்?"

"வெடிச்சிருக்கணும்."

"வாரை மாத்தியிருக்கலாமே!"

"வாரை மாத்தினவங்க பேட்டரியையும் மாத்தியிருப்பாங்க லா."

தோட்டத்துக் கோயில் வாசலில் காரை நிறுத்தி, குமரப்பன் பூசாரியிடம் ஐந்து நிமிடம் பேசிவிட்டு வந்தார். நெற்றி நிறைய விபூதி. சாமி கும்பிட்டார் என்றே செல்வராணி நினைத்துக்கொண்டாள்.

வியாழக்கிழமை காலை பத்து மணிக்கு எல்லாரும் புகைக்கூடத்தில் கூடினார்கள். தீபனையும் அழைத்துவரச் சொல்லியிருந்தார் குமரப்பன். சுகுமாறன் தம்பியின் தோளைப் பிடித்து நடத்திவந்து நாற்காலியில் உட்கார வைத்தார். தீபனின் வாயும் தாடையும் முப்பது வயதுக்காரனுடையவை. மூக்குக்கு மேலே நெற்றிவரை கிழவன். கண்கள் பால்போல வெளுத்திருந்தன. லோஷினி சுழிக்குப் பக்கத்திலேயே போய் நின்றுகொண்டாள். எதற்காக என்று எல்லாருக்கும் தெரிந்திருந்தது.

"செங்கல்லை நகர்த்தினவர் அதைக் கழியால தள்ளல" என்று தொடங்கினார் குமரப்பன். "தள்ளினா சாயும். செங்கல் செங்குத்தா நின்னுச்சுன்னு எல்லாருமே சொல்றீங்க. அப்போ கையால தூக்கித்தான் வெச்சிருக்கணும். வெடிப்புக்கு அந்தப் பக்கம் சுழியோட விளிம்பு. ஆக, அந்தக் கை ஒண்ணு, ரெண்டு கண் சிமிட்டுற நேரம் விளிம்புக்குள்ள இருந்திருக்கு."

"ரெண்டு வருஷம்!" என்றாள் செல்வராணி.

"ஆமா. ஒரு கைக்கு ரெண்டு வயசு கூடினா பார்வைக்குத் தெரியாது. அந்தத் தைரியத்துலதான் கையை விட்டிருக்காங்க. ஆனா கையோட கூடப் போன பொருளுக்கும் ரெண்டு வருஷம் ஆகும். தண்ணியும் வேர்வையும் ஊறின வெறும் நூல் கயிறு ரெண்டு வருஷம் தாங்குமா? இத்துப்போய் விழுந்துடும்."

திருச்செல்வம் தன் மணிக்கட்டைப் பார்த்துக்கொண்டார். யுவனேஸ்வரியும் பார்த்தாள். சுகுமாறன் மட்டும் பார்க்கவில்லை.

"மூணு பேரும் ஒரே நாள்ல காப்புக் கட்டினீங்க. முப்பது நாள் குளிச்ச கயிறு எப்படி இருக்கணும்? முதலாளியோடது கறுத்துப்போச்சு. யுவனேஸ்வரியோடது சாம்பலாயிடுச்சு. சுகுமாறன், உங்களோடது நேத்துக்கூட செல்வராணி கோப்பையில மஞ்சளா ஒட்டுச்சு."

"அது பெயிண்ட்னு..." என்று தொடங்கிய செல்வராணி நிறுத்திக்கொண்டாள்.

சுகுமாறன் அமைதியாகவே சொன்னார். "குளிக்கும்போது அறுந்துபோச்சு சார். வேற கட்டிக்கிட்டேன்."

"விரதத்துக்கு நடுவுல காப்பு அறுந்தா யாருமே பதறிப்போய்க் கோயிலுக்குத்தான் ஓடுவாங்க. பூசாரியைக் கேட்டேன். இந்த முப்பது நாள்ல யாரும் திரும்பக் கட்டிக்க வரலைன்னாரு. அவர் போடுறது மூணு முடிச்சு. உங்களுக்கு இருக்கிறது ஒரே முடிச்சு, பல்லால இழுத்துப் போட்டது. நகத்தையும் பாருங்க. விரதத்துல நகம் வெட்ட மாட்டாங்க. உங்க இடது கை நகமெல்லாம் வளர்ந்து நுனி மழுங்கியிருக்கு. வலது கையிலயும் அதே நீளம்தான், ஆனா வெட்டின ஓரம் கத்தி மாதிரி இருக்கு. ரெண்டு வருஷ நகம் ஒரு நிமிஷத்துல வளர்ந்தா வெட்டாம என்ன செய்ய?"

"இதெல்லாம் ஒரு சாட்சியா?"

"இல்ல. சாமி நம்பிக்கை இல்லாத ஆளா இருந்தா வெறுங்கையோட திரிஞ்சிருப்பாரு, எனக்கு ஒரு தடயமும் கிடைச்சிருக்காது. ஒரு பொண்ணோட கையை அழிக்க உங்களுக்கு மனசு வந்துச்சு. முருகனுக்குச் சொன்ன வார்த்தையை மட்டும் மீற மனசு வரல." குமரப்பன் குரலை உயர்த்தவே இல்லை. "அந்தக் காப்பு மேல கையை வெச்சு, செங்கல்லை நான் தொடலைன்னு ஒரு தடவை சொல்லுங்க. நான் எழுந்து போயிடுறேன்."

சுகுமாறன் இடது கையைக் காப்புக்குப் பக்கத்தில் கொண்டுபோனார். வாயைத் திறந்தார். பிறகு கையைத் தொங்கவிட்டார்.

"அண்ணே!" என்றான் தீபன்.

"ஆமாடா. நான்தான்." இத்தனை நாள் சுமந்த அமைதி அவரிடமிருந்து கழன்று விழுந்தது. லோஷினியைப் பார்த்துக் கத்தினார். "சோம்பேறித்தனத்துல நேத்தைய இலையைப் பொறுக்கி வெச்சியே! என் தம்பி கண்ணு போச்சு! தப்பு என்னோடதுன்னு ரெண்டு வார்த்தை சொல்லிட்டு மறுநாளே வந்து மேப் போட உக்காந்துட்டே. ரெண்டு வருஷமா ஒவ்வொரு நாளும் உன் கையைத்தான் பார்த்துட்டிருந்தேன். அது வரைய வரைய எனக்கு வயிறு எரிஞ்சுது. எனக்கு வருத்தமே இல்ல. இன்னொரு தடவை வாய்ப்பு கிடைச்சாலும் செய்வேன்!"

எல்லார் பார்வையும் லோஷினியின் இடது கைக்குப் போனது. அவள் சுழியின் பக்கம் திரும்பக்கூட இல்லை. தீபனைத்தான் பார்த்தாள்.

"சொல்லாதே லோஷினி" என்றான் தீபன். அவள் எதுவும் பேசாமலே அவனுக்குப் புரிந்திருந்தது. "கெஞ்சிக் கேக்குறேன், வேணாம்."

"ரெண்டு வருஷம் சொல்லலண்ணா. நீங்க ஆஸ்பத்திரியில என் கையைப் பிடிச்சு அழுததுக்காக." அவள் சுகுமாறன் பக்கம் நடந்தாள். "அன்னிக்கு இலைக்காரர் வரல. இலை வந்தாத்தான் வேலைன்னு நான் சொன்னேன். 'நேத்து இலையே போதும் லா, பயந்தாங்கொள்ளி'ன்னு சிரிச்சது உங்க தம்பி. என்னை வெளிய போகச் சொல்லிட்டு இலையை வெச்சதும் அவருதான், செங்கல்லை நிறுத்தினதும் அவருதான். கண்ணு போனப்புறம், அண்ணன் காதுக்கு இது போக வேணாம், தாங்க மாட்டாருன்னு கேட்டுக்கிட்டாரு. சரின்னு பழியை நான் ஏத்துக்கிட்டேன்."

"பொய்" என்றார் சுகுமாறன்.

"அவரையே கேளுங்க."

சுகுமாறன் தம்பி முன்னால் மண்டியிட்டு அவன் தோளை உலுக்கினார். "பொய்னு சொல்லுடா. தீபா, பொய்னு சொல்லு."

தீபன் தலையைக் குனிந்துகொண்டான். "எனக்கு வெக்கமா இருந்துச்சுண்ணே. நீங்க அவமேல கோவமா இருக்கீங்கன்னு தெரியும். இவ்வளவு தூரம் போவீங்கன்னு தெரியாது."

சுகுமாறன் எழுந்தார். சுழியை நோக்கிப் போய் வலது கையை நீட்டினார். லோஷினி பாய்ந்து, தன் கிழட்டு வலது கையாலேயே அவர் சட்டையைப் பற்றிப் பின்னால் இழுத்தாள். வலியில் அவளுக்குக் கண்ணீர் வந்துவிட்டது. ஆனாலும் விடவில்லை.

"விடும்மா. என் கையும் போகட்டும்" என்று அழுதார் அவர்.

"போகக்கூடாது. இந்தக் கை நல்லா இருக்கணும்" என்றாள் லோஷினி. "கொஞ்ச நேரம் முன்னவரைக்கும் இதைச் சுழியில விடணும்னுதான் இருந்தேன். இப்போ வேணாம்."

திருச்செல்வம் கைப்பேசியை எடுத்தார். "போலீஸைக் கூப்பிடுறேன்."

"கூப்பிடாதீங்க பாஸ். உள்ள போய் உக்காந்துட்டா தண்டனை அனுபவிக்கிறோம்னு அவருக்கு மனசு ஆறிடும்." அவள் சுகுமாறனின் முகத்துக்கு நேரே குனிந்தாள். "இன்னிக்கு மத்தியானம் வீட்டுக்குப் போய் உங்க தம்பிக்குச் சோறு போடுங்க. கறி எந்தப் பக்கம் இருக்குன்னு விரலைப் பிடிச்சுக் காட்டுங்க. தினமும் காட்டுங்க. காட்டும்போதெல்லாம் என்னை நெனைச்சுக்குங்க. ரெண்டு பேருமே நெனைச்சுக்குங்க."

துப்பட்டாவை எடுத்துக் கையில் சுற்றிக்கொள்ள முயன்றாள். ஒற்றைக் கையால் முடியவில்லை. செல்வராணி போய்ச் சுற்றிவிட்டாள்.

"போலாம் சார்" என்றாள் லோஷினி. குமரப்பன் கார்ச் சாவியை எடுத்துக்கொண்டு அவளுக்கு முன்னால் நடந்தார். பின்னால் தீபன் "அண்ணே, அண்ணே" என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தான்.